காரணம் கேட்ட பேட்டை

1930ஆம் ஆண்டு கோலார் தங்கவயலில் நடந்த பெரிய வேலைநிறுத்தம் கைரேகையைப் பற்றியது. சுரங்கத்தில் வேலை செய்யும் ஒவ்வொருவரும் விரல் ரேகையைப் பதிந்து பதிவேட்டில் ஏற வேண்டும் என்று நிர்வாகம் உத்தரவு போட்டது. அதற்கு நிர்வாகத்திடம் ஒரு காரணம் இருந்தது. வேலையிலிருந்து நீக்கப்பட்டவரும், தங்கக் கல்லைக் கடத்தியதாகச் சந்தேகிக்கப்பட்டவரும் வேறு பெயர் சொல்லிக்கொண்டு அடுத்த சுரங்கத்தில் நுழைந்துவிடக் கூடாது. அந்தக் காரணம் துரைமார்களின் கோப்புகளில் இருந்தது. தொழிலாளர் குடியிருப்புகளான லைன் வீடுகளில் இருந்தவர்களுக்குத் தெரிந்தது வேறு: ரேகை எடுப்பது போலீஸ் ஸ்டேஷனில், அதுவும் குற்றவாளியிடம். பதிவு பெற்ற தொழிற்சங்கம் ஒன்றுகூட இங்கே இல்லாத காலம் அது. ஆனாலும் ஆயிரக்கணக்கானவர்கள் வாரக்கணக்கில் சுரங்கத்துக்குள் இறங்க மறுத்தார்கள்.

இன்று தங்கவயலின் ஆண்டர்சன்பேட்டையிலிருந்து விடியுமுன் கிளம்பி மாரிக்குப்பம் ரயிலைப் பிடித்துப் பெங்களூருக்கு வேலைக்குப் போகிற இளைஞன், அலுவலக வாசலில் விரலை வைத்துத்தான் உள்ளே போகிறான். ரேஷன் கடையிலும் விரல். ஆதாருக்குப் பத்து விரல். யாரும் வேலையை நிறுத்துவதில்லை. ஒரு கருவியைத் தாத்தா எதிர்த்தார், பேரன் ஏற்றான் என்று இதைச் சுருக்கிவிட முடியாது. பேரனுக்கு ஏதோ ஒரு காரணம் சொல்லப்பட்டிருக்கிறது. வருகைப் பதிவுக்காக என்றார்கள். போலி அட்டைகளை ஒழிக்க என்றார்கள். அந்தக் காரணம் முழுமையானதா என்பது தனி விவாதம். தாத்தாவுக்கு அதுகூடச் சொல்லப்படவில்லை.

ஒரு நிறுவனம் தன் விதிகளுக்கும் இலக்குகளுக்கும் உரிய காரணத்தை யாரிடம் சொல்கிறது, யாரிடம் சொல்லாமல் விடுகிறது என்பதைக் கொண்டே தங்கவயலின் நூற்றிருபது ஆண்டுகளை எழுதிவிடலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. உற்பத்திக் கணக்கை எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள். சுமார் 800 டன் தங்கம், மூன்று கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழம், 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து ஏறக்குறைய 150 கிலோமீட்டர் கம்பி இழுத்து வந்த காவிரி மின்சாரம். இவையெல்லாம் பெருமைக்குரியவைதான். ஆனால் அந்த ஆழத்தில் நின்றவனிடம் எதற்காக நிற்கிறாய் என்பதை யார் விளக்கினார்கள் என்ற கணக்கு அவற்றில் இல்லை.

1880-இல் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் இங்கே வந்தது. மைசூர், சாம்பியன் ரீஃப், ஊரிகம், நந்திதுர்க்கம் என்று தனித்தனிக் கம்பெனிகள். எல்லாவற்றுக்கும் பங்குதாரர்கள் லண்டனில். அந்தப் பங்குதாரர்களுக்கு எந்த மட்டத்தில் எவ்வளவு கல் வெட்டப்பட்டது, டன்னுக்கு எவ்வளவு தங்கம் கிடைத்தது, ஏன் இந்த ஆண்டு லாப ஈவு குறைந்தது, அடுத்த ஆண்டு எந்தச் சாஃப்டை எவ்வளவு ஆழப்படுத்தப் போகிறோம் என்பதெல்லாம் ஆண்டறிக்கையில் அச்சாகிப் போனது. கம்பெனியின் குறிக்கோளும் அதை அடையும் வழியும் அவர்களுக்குத் தெளிவு. வட ஆற்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் சித்தூர்ப் பக்கத்திலிருந்தும் வந்து, பெரும்பாலும் ஒடுக்கப்பட்ட சாதியினராக இருந்து, அதே சாஃப்டில் கேஜ் என்ற கூண்டில் ஏறி இறங்கியவர்களுக்கு உத்தரவு மட்டும் வந்தது. அதுவும் மேஸ்திரியின் வாய்வழியாக. துரை சொன்னதில் பாதியை மேஸ்திரி சொன்னார், மேஸ்திரி சொன்னதில் பாதி காற்றழுத்தத் துளைப்பானின் சத்தத்தில் போனது.

இதில் ஒரு நியாயத்தையும் பதிவு செய்ய வேண்டும். எல்லா விதியும் அடக்குவதற்காக வந்தவை அல்ல. பாறை வெடிப்பு இங்கே பெரிய எமன். ஆழத்தில் அழுத்தம் தாங்காமல் பாறை தானாகவே சிதறும். அதைக் கவனிக்க 1912-இலேயே இங்கே நில அதிர்வுமானி வைத்தார்கள். வெட்டி எடுத்த இடத்தில் மரத்துக்குப் பதில் கருங்கல்லை அடுக்கி முட்டுக்கொடு, இந்தத் தூணைத் தொடாதே, இந்த வரிசையில்தான் வெட்டு என்ற உத்தரவுகளுக்குப் பின்னால் பல உயிர்களின் விலையில் வந்த அறிவு இருந்தது. தூசியும் அப்படித்தான். 1940களில் நடந்த மருத்துவ ஆய்வில், பரிசோதிக்கப்பட்ட ஏழாயிரத்துச் சொச்சம் தொழிலாளர்களில் ஐந்தில் இரண்டு பேருக்கு மேல் சிலிக்கோசிஸ் இருந்தது தெரியவந்தது. நுரையீரலில் கல்தூசி படிந்து மூச்சை மெல்ல மெல்ல அடைக்கும் நோய் அது. தண்ணீர் விட்டுத்தான் துளைக்க வேண்டும் என்பதற்கு இதைவிடக் காரணம் வேண்டாம். ஆனால் கீழே பாறையின் வெப்பம் 60 டிகிரிக்கு மேல். ஏற்கெனவே வெக்கையில் வேகிறவனிடம் தண்ணீரைத் திறந்துவிட்டுச் சேற்றில் நின்று வேலை செய் என்று மட்டும் சொன்னால் அது தண்டனையாகவே கேட்கும். உன் நெஞ்சுக்குள் இது படிகிறது, பத்து வருடத்தில் இப்படி ஆகும் என்று சொல்லியிருந்தால் அதே உத்தரவு அக்கறையாகக் கேட்டிருக்கும். விதி ஒன்றேதான். காரணத்தைச் சேர்த்தாலும் விட்டாலும் அது இரண்டு வேறு விதிகளாகிவிடுகிறது.

கம்பெனி சொல்லாததை ஊர் தானே தேடிக்கொண்டது. தங்கவயலின் வரலாற்றில் என்னை மிகவும் ஈர்ப்பது இந்தப் பகுதி. லைன் வீடுகள் கம்பெனி நிலத்தில் இருந்தன. ஆண்டர்சன்பேட்டையும் ராபர்ட்சன்பேட்டையும் கடைத்தெருவும் வியாபாரமுமாக அதற்கு வெளியே வளர்ந்தன. பேட்டையில் பேசலாம். அயோத்திதாச பண்டிதர் 1907-இல் சென்னையில் தொடங்கிய ‘தமிழன்’ இதழுக்கு மிக வலுவான வாசகர் கூட்டம் இருந்த இடங்களில் ஒன்று தங்கவயல். மாரிக்குப்பத்திலும் சாம்பியன் ரீஃபிலும் பௌத்த சங்கக் கிளைகள் இயங்கின. அவருடைய நூல்களைத் தங்கவயலின் சித்தார்த்தா புத்தகசாலை அச்சிட்டது. அவர் 1914-இல் மறைந்த பிறகு, அந்த இதழை 1926-இல் மறுபடி உயிர்ப்பித்து இங்கிருந்தே நடத்தியவர் ஜி. அப்பாதுரையார். ஷிப்ட் முடிந்து வந்தவர்களில் ஒருவர் வாசிக்கப் பத்துப் பேர் கேட்டார்கள். உலகம் ஏன் இப்படி இருக்கிறது, சாதி எங்கிருந்து வந்தது, வரி எதற்கு, சட்டம் என்ன சொல்கிறது என்ற கேள்விகள் அங்கே தமிழில் எழுந்தன. பின்னர் கம்யூனிஸ்டுகள் சங்கம் கட்டினார்கள். அம்பேத்கர் வழி இயக்கம் வேர்விட்டது. திராவிட இயக்கம் வந்தது. இவர்களுக்குள் ஆயிரம் சண்டை. ஆனால் எல்லோரும் ஒரே வேலையைச் செய்தார்கள். நிர்வாகத்தின் காகிதத்தை எடுத்து வந்து, கூட்டத்தின் நடுவே நின்று, இதன் பொருள் இது, இதற்குக் காரணம் இது, அவர்கள் சொல்லாமல் விட்டது இது என்று விளக்கினார்கள். 1930-இல் சங்கமில்லாமலே அத்தனை பேர் ஒன்றாக நிற்க முடிந்ததற்கு இந்த வாசிப்புப் பழக்கத்துக்கும் பங்கு உண்டு என்பது என் நம்பிக்கை.

சுதந்திரத்துக்குச் சற்று முன்பு காரணம் சொல்லும் கடமை சட்டத்துக்குள் வந்தது. 1946-இன் நிலையாணைச் சட்டம் சிறியதுபோல் தெரிகிற ஒரு பெரிய காரியத்தைச் செய்தது. வேலை நேரம், விடுப்பு, தண்டனை, நீக்கம் பற்றிய விதிகளை முதலாளி எழுதி, அதிகாரியிடம் சான்று வாங்கி, தொழிலாளர்களில் பெரும்பாலோருக்குப் புரிகிற மொழியிலும் வாசலருகே பலகையில் வைக்க வேண்டும் என்றது. சான்று தரும் முன் தொழிலாளர் தரப்பின் ஆட்சேபத்தையும் கேட்க வேண்டும். தங்கவயலில் பெரும்பாலோருக்குப் புரிகிற மொழி தமிழ். மேஸ்திரியின் வாயிலிருந்து பலகைக்கு விதி இறங்கியது. இறங்கியது என்பதைவிட ஏறியது என்பதே சரி. எழுதிவைத்த விதியை எழுதியவனுக்கு எதிராகவும் காட்டலாம்.

குறிக்கோளும் மாறியது. 1956-இல் மைசூர் அரசு சுரங்கங்களை ஏற்றது. 1962 டிசம்பரில் மத்திய நிதி அமைச்சகம் எடுத்துக்கொண்டது. அந்தக் காலத்தை நினைத்துப் பார்த்தால் காரணம் விளங்கும். அந்நியச் செலாவணி நெருக்கடி, சீனப் போர், அடுத்த மாதமே தங்கக் கட்டுப்பாட்டு விதிகள். நாட்டின் கையிருப்புக்கு ஒவ்வொரு கிராமும் தேவைப்பட்டது. லண்டன் பங்குதாரருக்காக வெட்டிய அதே கல்லை இப்போது தேசத்துக்காக வெட்டினார்கள். இந்தக் காரணம் கீழே வரை போய்ச் சேர்ந்தது. அதைச் சொல்ல மேடைகள் இருந்தன, சொல்பவரும் கேட்பவரும் பெருமைப்பட்டார்கள். நாட்டுக்குப் பொன் கொடுத்தோம் என்று ஆண்டர்சன்பேட்டைப் பெரியவர்கள் பேசும்போது இன்றும் குரலில் அந்தப் பெருமையைக் கேட்கலாம்.

சொல்லாமல் விட்ட பாதியும் அந்தக் காலத்திலேயே இருக்கிறது. அரசு எடுத்துக்கொண்ட தங்கத்துக்கு அன்று சர்வதேச அதிகாரபூர்வ விலையே அடிப்படை. ஒரு அவுன்சுக்கு 35 டாலர். உள்ளூர்ச் சந்தையில் தங்கம் அதைவிடக் கூடுதலாக விற்றது. செலவு சந்தை விலையில், வரவு அதிகாரபூர்வ விலையில் என்றால் கணக்குப் புத்தகத்தில் நட்டம் விழத்தான் செய்யும். நாட்டின் நலனுக்காக எடுத்த கொள்கை முடிவு அது. தவறு என்று நான் சொல்லவில்லை. ஆனால் நட்டத்தின் ஒரு பங்கு கொள்கையிலிருந்து வந்தது, உன் உழைப்பின் குறையிலிருந்து வரவில்லை என்பதைத் தொழிலாளியிடம் யாரும் உட்கார்ந்து விளக்கவில்லை. பின்னாளில் நட்டம் என்ற சொல் மட்டும் தனியாக நின்றது. அது எங்கிருந்து வந்தது என்ற கதை உதிர்ந்துபோனது.

1972-இல் பாரத் கோல்டு மைன்ஸ் உருவானது. இலவச வீடு, மானிய விலையில் மின்சாரமும் தண்ணீரும், மருத்துவமனை, பள்ளி என்று ஒரு முழு ஊரையே தாங்கிய பொதுத்துறை நிறுவனம். ஆந்திரத்தின் பிசானத்தம், சிகுருகுண்டா பக்கங்களிலும் சுரங்கம் நடத்தியது. மற்ற நிறுவனங்களுக்குச் சாஃப்ட் தோண்டிக் கொடுத்தது. ஆனால் பூமி தன் கணக்கை மாற்றிக்கொள்ளவில்லை. தொடக்க காலத்தில் டன்னுக்கு நாற்பது கிராமுக்கு மேல் தந்த கல், கடைசியில் மூன்று கிராம் அளவுக்கு இறங்கியது. ஆழம் கூடக் கூடச் செலவு ஏறியது. 1992-இல் நலிவுற்ற நிறுவனம் என்று மறுசீரமைப்பு வாரியத்திடம் போனது; 2000 ஜூனில் வாரியம் கலைக்கப் பரிந்துரைத்தது; 2001 பிப்ரவரி 28-உடன் சுரங்கம் நின்றது. ஒரு காலத்தில் முப்பதாயிரம் பேருக்கு மேல் வேலை செய்த இடத்தில் கடைசியில் இருந்தது மூவாயிரத்துச் சொச்சம் பேர்.

மூடுவதற்கும் சட்டம் காரணம் கேட்டது. அன்றைய தொழில் தகராறுச் சட்டத்தின் 25-ஓ பிரிவின்படி, மூடும் நாளுக்குத் தொண்ணூறு நாள் முன்பே காரணத்தைத் தெளிவாக எழுதி அரசிடம் விண்ணப்பிக்க வேண்டும். அதன் நகலைத் தொழிலாளர் பிரதிநிதிகளுக்கும் தர வேண்டும். அரசு இரு தரப்பையும் கேட்டு, காரணங்களை எழுதி உத்தரவிட வேண்டும். 1930-உடன் வைத்துப் பார்த்தால் இது எத்தனை தூரம்! அன்று விரலைக் கேட்டவர்கள் காரணம் சொல்லவில்லை. இங்கே வாழ்க்கையையே கேட்டவர்கள் பக்கம் பக்கமாகக் காரணம் எழுதினார்கள். அந்தக் காரணங்களை நீதிமன்றத்தில் எதிர்க்க முடிந்தது; உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றம் வரை வழக்கு நடந்தது. சுரங்க நிறுவனத்தின் சொத்துகளுக்கு உலகளாவிய டெண்டர் விடும் அரசின் முடிவை 2013-இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. கேட்க உரிமை இல்லாதவர்களாகத் தொடங்கியவர்கள், நாட்டின் உச்ச நீதிமன்றம் வரை காரணம் கேட்டுப் போனார்கள். இது சாதாரண வளர்ச்சி அல்ல.

ஆனாலும் அந்த மூடலை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஒன்று உறுத்தும். கல்லில் தங்கம் குறைந்துவிட்டது என்பதை உலகத்தில் வேறு யாரையும்விடத் தெளிவாக அறிந்தவர்கள் அதைக் கையில் எடுத்தவர்கள். பாட்டனும் அப்பனும் மகனுமாக மூன்று தலைமுறை ஒரே கல்லைப் பார்த்த குடும்பங்கள் இங்கே உண்டு. பத்து ஆண்டுகளுக்கு முன்பே அவர்களை உட்காரவைத்து, தங்க ரேகை இவ்வளவுதான் மிச்சம், செலவு இவ்வளவு, இனி இந்த ஊர் எதைச் செய்து பிழைக்கலாம், சொல்லுங்கள் என்று கேட்டிருந்தால் வேறு ஏதாவது பிறந்திருக்கலாம். முடிவெடுத்த பிறகு தந்த காரணம், எத்தனை பக்கம் இருந்தாலும், அறிவிப்புதான். முடிவெடுக்கும் முன் தந்தால்தான் அது பேச்சு.

2005-இல் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தது. அதன் நான்காவது பிரிவைத் தங்கவயலுக்காகவே எழுதினார்களோ என்று நான் நினைத்ததுண்டு. மக்களைப் பாதிக்கும் முக்கியக் கொள்கைகளை வகுக்கும்போதே தொடர்புள்ள உண்மைகளை அரசு தானாக வெளியிட வேண்டும். நிர்வாக முடிவுகளின் காரணத்தைப் பாதிக்கப்பட்டவர்களுக்குச் சொல்ல வேண்டும். அதையும் உள்ளூர் மொழியையும் அந்தப் பகுதிக்கு ஏற்ற வழியையும் கருதிச் செய்ய வேண்டும். அறிவிப்புப் பலகை, செய்தித்தாள், பொது அறிவிப்பு எல்லாம் அந்தச் சட்டத்திலேயே குறிப்பிடப்பட்டிருக்கின்றன. லைன் வீட்டில் இருக்கும் ஒரு முன்னாள் சுரங்கத் தொழிலாளி பத்து ரூபாய் கட்டி மத்திய அமைச்சகத்தைக் கேள்வி கேட்கலாம். நான் இருக்கும் லைன் வீடு யாருக்கு? நிலம் எவருக்குப் போகிறது? எந்தக் கோப்பில் என்ன எழுதினீர்கள்? அவருடைய பாட்டனுக்குக் கனவிலும் எட்டாத உரிமை இது.

பதிலும் வருகிறது. பல பக்கத்தில், ஆங்கிலத்தில், பிரிவு எண்களும் பின்னிணைப்புகளுமாக வருகிறது. முன்பு காகிதம் வராத ஊரில் விளக்குகிற ஆள் இருந்தார். இப்போது காகிதம் வருகிறது, விளக்குகிற ஆள் பெங்களூரில் இருக்கிறார். இரவு பத்து மணிக்கு வீடு திரும்பி நாலு மணிக்கு மறுபடி எழுகிறவருக்குச் சங்கக் கூட்டத்துக்கு நேரம் எங்கே? சங்கமே ஒரு கம்பெனியைச் சுற்றி எழுந்தது. கம்பெனி போனதும் அது மெலிந்தது. ஊரின் பேச்சுத் திறமெல்லாம் ரயில்பெட்டிக்குள் போய்விட்டது.

அந்த ரயிலில் போகிறவர்கள் சேரும் அலுவலகங்களில் விளக்கத்துக்குக் குறைவில்லை. முதல் நாளே திரையில் படம் ஓடுகிறது; எங்கள் நோக்கம் இது, இலக்கு இது, ஒழுங்கு விதி இது, அதன் காரணம் இது. சுவரிலும் எழுதியிருக்கிறது. கடைசியில் ‘படித்தேன், புரிந்துகொண்டேன்’ என்ற கட்டத்தில் ஒரு குறி போட வேண்டும். குறி போடாமல் அடுத்த பக்கம் போக முடியாது. பாட்டன் புரியாமல் விரல் வைக்க மறுத்தார். அந்த மறுப்புக்கு அன்றைய அமைப்பில் இடமில்லாதபோதும் ஆயிரக்கணக்கில் சேர்ந்து அந்த இடத்தை உண்டாக்கினார்கள். பேரனுக்குக் காரணங்கள் நிறைய, மறுக்கும் கட்டம் ஒன்றும் இல்லை. ஒப்பந்தப் பாதுகாப்புப் பணியிலோ துப்புரவுப் பணியிலோ இருப்பவனுக்கு அந்தத் திரைப்படமும் கிடையாது; அவனுக்கு இன்னும் மேற்பார்வையாளரின் வாய்தான்.

இப்போது ஊரில் பேச்சு சயனைடு மேடுகளைப் பற்றியது. நூறாண்டுகளுக்கு மேலாக ஆலைகள் அரைத்துக் கழித்த மணல் அது. வேனிற்காற்றில் வீட்டுக்குள் வந்து பாத்திரத்திலும் படுக்கையிலும் படிகிறது. அந்த மணலில் இன்னும் கொஞ்சம் தங்கம் இருக்கிறது. சுமார் ஆயிரம் ஏக்கரில் உள்ள 13 மேடுகளை ஏலம்விட்டு மறுபடி சலிக்கும் மத்திய அரசின் திட்டத்துக்கு, 2024 ஜூனில் கர்நாடக அமைச்சரவை இசைந்தது. 3 கோடி டன்னுக்கு மேற்பட்ட மணல் என்கிறார்கள். நல்ல காரணங்கள் இருக்கின்றன: வீணாகக் கிடப்பது பயனாகும், வேலை வரும், மேடு கரைந்தால் தூசியும் குறையலாம். ஊர் கேட்பதும் எளிய கேள்விகள்தான். கிளறும்போது எழும் தூசியை எப்படி அடக்குவீர்கள்? கழுவ எவ்வளவு தண்ணீர், குடிநீருக்கே திண்டாடும் ஊரில் அது எங்கிருந்து? எத்தனை பேருக்கு வேலை, அதில் முன்னாள் தொழிலாளி வீட்டுப் பிள்ளைகளுக்கு எத்தனை?

சுரங்கத் திட்டங்களுக்கும் பொருந்தும் 2006-இன் சுற்றுச்சூழல் அறிவிக்கை, பொதுக் கருத்துக் கேட்புக்கு முப்பது நாள் அவகாசமும், திட்ட அறிக்கையின் சுருக்கம் ஆங்கிலத்திலும் மாநில மொழி அல்லது உள்ளூர் மொழியிலும் கிடைப்பதையும் பேசுகிறது. பள்ளியில் கன்னடம் படித்த இன்றைய பிள்ளைகளுக்குக் கன்னடச் சுருக்கம் போதும். அது அவர்கள் மாநிலத்தின் மொழி, அவர்களுடைய மொழியும்கூட. கேஜில் இறங்கிய தலைமுறைக்கு அது போதாது. நுரையீரலில் கல்தூசியைச் சுமப்பவர்களும், மணலில் என்ன கலந்திருக்கிறது என்று ஆலையில் நின்று பார்த்தவர்களும் அவர்கள். அவர்களுக்கு நான்கு பக்கத் தமிழ்ச் சுருக்கம் வேண்டும். ஏல நிபந்தனைகள் முடிவாகும் முன் அது வேண்டும். ஞாயிற்றுக்கிழமை, ரயில் ஆட்களும் வீட்டிலிருக்கும் நாளில், ஆண்டர்சன்பேட்டைக் கடைத்தெருவில் ஓர் அதிகாரி நின்று அதை வாசித்து, கேள்விகளுக்குப் பதில் சொல்லி, சொன்ன பதிலை எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுக்க வேண்டும்.